ஈவால்ட் சொன்ன முடிவு

யெவ்லே துறைமுகத்தில் பாரந்தூக்கி ஓட்டும் ஈவால்டுக்கு வாய் இருப்பது சாப்பிடவும் புகையிலை அடக்கவும் மட்டும்தான் என்று அவன் மனைவி குன்வோர் சலவைக்கூடத்தில் சொல்லிச் சிரிப்பாள். அந்தச் சிரிப்புக்குப் பின்னால் இருபது வருடச் சலிப்பு இருந்தது.

எழுபதுகளின் அந்தக் குளிர்காலத்தில் புதன்கிழமைதோறும் டிவியில் ஒரு நாடகம் வந்தது. கொலை இல்லை, கொள்ளை இல்லை. ஒரு புருஷனும் பெண்டாட்டியும் சமையலறையில் உட்கார்ந்து பேசுவார்கள், அவ்வளவுதான். ஊரே பார்த்தது. ஒரு வாரம் அந்தப் பெண், "என்னைப் பத்தி நீ கடைசியா எப்போ ஏதாவது கேட்டே?" என்றாள். புருஷன் ஜன்னலைப் பார்த்தான்.

குன்வோர் திரும்பி ஈவால்டைப் பார்த்தாள். ஈவால்ட் எழுந்து காபி போடப் போனான். போனவன் அடுப்படியிலிருந்தே கேட்டான்.

"தேவாலயத்துல பாடிக்கிட்டு இருந்தியே, ஏன் விட்டே?"

எத்தனையோ வருடம் பிந்தி வந்த கேள்வி.

"பாடிட்டு வந்தா நீ மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிட்டு இருப்பே. எதுக்கு வம்புன்னு விட்டுட்டேன்."

"என் மூஞ்சியே அப்படித்தானே."

அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. "அதை அப்பவே சொல்லித் தொலைக்கறதுக்கென்ன?"

"அடுத்த வாரமே போ. உருளைக்கிழங்கை நான் வேக வச்சுக்கறேன்."

"பாட்டுப் பயிற்சி புதன்கிழமையாச்சே. நாடகம் போயிடுமே."

"நான் பார்த்துச் சொல்றேன்."

"நீயா? சொல்லுவியா?"

போனாள். குரல் துருப்பிடித்திருந்தாலும் பாடகர் குழுவில் பழைய வரிசையிலேயே இடம் கொடுத்தார்கள். அவள் வீடு திரும்பியதும் ஈவால்ட் திக்கித் திணறிக் கதை சொன்னான். போகப்போக அந்தப் பெண்ணைப் போலப் பேசிக்கூடக் காட்டினான்.

நாடகம் முடிந்த அன்று, "என்னாச்சு?" என்று அவள் அவசரப்பட்டாள்.

"பெட்டியோட வாசல் வரைக்கும் போனா. அவன் ஒண்ணும் சொல்லலை. அவ கோட்டை வாங்கிக் கொக்கியில மாட்டினான். அப்புறம் ரெண்டு பேரும் சாப்பிட உட்கார்ந்தாங்க."

மறுநாள் சலவைக்கூடத்தில் கூட வேலை செய்யும் மைலிஸ், விரிப்பை மடித்தபடியே மூக்கை உறிஞ்சினாள். "படுபாவிங்க, நாடகத்துல ரெண்டு பேரையும் பிரிச்சுட்டாங்களே. ரயிலேறிப் போயே போயிட்டா. நீ பார்த்தியா?"

விரிப்பின் மறுமுனையைப் பிடித்திருந்த குன்வோருக்குக் கை நின்றது. எவ்வளவு நேரம் யோசித்து அந்தக் கோட்டை மாட்டியிருப்பான் ஈவால்ட்.

"பார்க்கலை," என்றாள். "கதை தெரியும்."

மாலையில் அதைப் பற்றி அவள் மூச்சு விடவில்லை. மீனைப் பொரித்து வைத்துவிட்டு, "துறைமுகத்துல இன்னைக்கு என்ன விசேஷம்?" என்று கேட்டாள். ஈவால்ட் முள்கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் சொல்லத் தொடங்கினான்.