டியூப் லைட்டில் கலர் பார்க்கக் கூடாது

ஏலவார்குழலிக்கு நெசவு விஷயத்தில் ஒரே ஒரு பெருமை இருந்தது: தனக்கு அதில் எதுவும் தெரியாது என்பது. பிள்ளையார்பாளையத்தில் வீட்டுக்குள்ளேயே தறி ஓடும் குடும்பத்தில் பிறந்து, முதல் ஆளாக பி.இ. முடித்தவள். காஞ்சிபுரம் என்றதும் "அப்போ பொடவ?" என்று கேட்கிறவர்களிடம், "எனக்கு கரண்டு தெரியும், பொடவ தெரியாது" என்று முகத்தில் அடித்தாற்போல் சொல்லிவிடுவாள். அந்தக் குணத்தால்தான் ஒரகடம் தொழிற்சாலை வேலையும் போனது. சூப்பர்வைசரை எல்லார் முன்னாலும் முட்டாள் என்றாள். அவர் முட்டாள்தான். ஆனால் இன்றைக்கும் வேலையில் இருப்பது அவர்.

ஆகவே, உதவி லோகோ பைலட் தேர்வில் தேறியதும் கொஞ்சம் அடக்கமாக இருந்திருக்கலாம். மெடிக்கல் முடியும் முன்பே தெரு முழுக்கச் சொல்லியாகிவிட்டது. "இனிமே ரயிலு லேட்டுன்னா என்னைத் திட்டுங்க" என்று பால் பூத்தில் வேறு ஒரு அறிவிப்பு. மெடிக்கலில் தள்ளிவிட்டால் எந்த முகத்தோடு ஊர் திரும்புவது என்ற யோசனை, சென்னையில் ரயில்வே மருத்துவமனை வரிசையில் நிற்கும்போதுதான் வந்தது. இந்த வேலையை விட்டால் கையில் வேறு வேலையும் இல்லை.

தூரப் பார்வையில் குறை ஒன்றுமில்லை. கண்ணாடி இல்லாமல் கடைசி வரிவரை படித்தாள். கேட்காத வரியையும் சேர்த்துப் படித்தாள். அடுத்தது நிறப் பார்வை. சிவப்பும் பச்சையும் குழம்புகிறவர் ரயில் எஞ்சினில் ஏற முடியாது. டெக்னீஷியன் தணிகாசலம், வண்ணப் புள்ளிகளுக்குள் எண் ஒளிந்திருக்கும் புத்தகத்தைப் பக்கம் பக்கமாகத் திருப்பினார். முதல் சில பக்கங்களை மடமடவென்று சொன்னாள். அடுத்த பக்கத்தில் பச்சைக்கும் மஞ்சளுக்கும் நடுவே ஏதோ உறுத்தியது. நிமிர்ந்து பார்த்தாள். தலைக்கு மேல் டியூப் லைட்.

அதன் பிறகு நடந்தது அவளுக்கே பாதிதான் தெரியும். புத்தகம் அவள் கைக்கு வந்தது. கதவு திறந்தது. வராந்தாவில் வெயில் விழுந்த இடத்தில் நின்று பக்கத்தைச் சாய்த்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏம்மா! ஏம்மா! புக்க தூக்கினு எங்க போற?"

"ஜெராக்ஸ் எடுக்கப் போறாங்க சார்" என்றான் வரிசையில் நின்ற ஒருவன். எல்லாரும் சிரித்தார்கள்.

சாயம் போட்ட பட்டு நூல் வீட்டுக்கு வந்தால், அவள் அப்பா மாணிக்கவேல் டியூப் லைட்டில் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேச மாட்டார். புடவையின் உடலுக்கும் கரைக்கும் நிறம் ஒத்துவருகிறதா என்பதைத் தெருவில், வெயிலில் பிடித்துப் பார்த்துத்தான் சொல்வார். தப்பினால் நெய்து முடித்த புடவையே திரும்பி வந்துவிடும். நூலைத் தூக்கிக்கொண்டு தெருவுக்கு ஓடுகிற வேலை சின்ன வயதிலிருந்து குழலியுடையது. நெசவு தெரியாதவளாம்!

"எழுபத்தி நாலு சார்" என்று புத்தகத்தை நீட்டினாள்.

"சரிதான். வெளிய யாரையாவது கேட்டுக்கினு வந்தியான்னு எனக்கு எப்டிமா தெரியும்?"

"இந்த லைட்ல கலர் பார்க்கவே கூடாது சார். பொய்யா காட்டும்."

"இருபது வருசமா பார்க்கிறேன், எனக்கே சொல்லித் தர்றியா?"

"அப்போ இருபது வருசமா தப்பா பார்த்துக்கினு இருக்கீங்க."

வாய் சொல்லிவிட்டது. புத்தி கொஞ்சம் தாமதமாகத்தான் வந்து சேர்ந்தது. தணிகாசலம் 'தயங்குகிறார், மறுசோதனை தேவை' என்று எழுதி அவளை டாக்டர் கிரேஸிடம் அனுப்பினார்.

டாக்டர் கிரேஸ் விஷயத்தை முழுதாகக் கேட்டார். "புக்க பகல் வெளிச்சத்துல பார்க்கணும்னு சொன்னது சரிதாம்மா."

குழலிக்குத் தலை நிமிர்ந்தது.

"ஆனா ராத்திரி மழையில வண்டி ஓடிக்கினு இருக்கும்போது, சிக்னல கழட்டி எடுத்துப்போய் வெயில்ல வெச்சுப் பார்ப்பியா?"

குழலி டாக்டர் பின்னால் நடந்தாள்.

இருட்டறை. எதிரே விளக்குப் பெட்டியில் குண்டூசித் தலை அளவுக்கு ஒரு வெளிச்சம் வந்து வந்து போனது. சிவப்பு என்றாள். பச்சை, மறுபடி பச்சை, மஞ்சள். டாக்டர் மூடுபனி போல் மங்கலான கண்ணாடி ஒன்றை நடுவில் தள்ளினார். இப்போது வந்தது சிவப்பா, மஞ்சளா? கால்கள் கதவுப் பக்கம் போகப் பார்த்தன. நாற்காலியை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"சொல்லும்மா."

"சந்தேகமா இருந்தா வண்டிய நிறுத்திடுவேன் மேடம்." தன் சாமர்த்தியத்தில் அவளுக்கே புல்லரித்தது.

"நீ என்ன பண்ணுவேன்னு கேக்கல. என்ன கலர்னு கேட்டேன்."

புல்லரிப்பு அடங்கியது. உற்றுப் பார்த்தாள். வெயில் இல்லை, சாய்த்துப் பார்க்க நூல் இல்லை, சண்டை போட ஆளும் இல்லை. வெறும் கண்தான். "சிவப்பு."

இன்னும் சில விளக்குகள். எல்லாவற்றையும் உட்கார்ந்த இடத்திலிருந்தே சொன்னாள். அறை விளக்கு எரிந்தது. டாக்டர் படிவத்தை இழுத்துப் பேனாவைத் திறந்தார்.

"கண்ணுல ஒண்ணும் குறை இல்ல. கோளாறெல்லாம் வாயிலதான். அதுக்கு ரயில்வேல டெஸ்ட் வெக்கல, தப்பிச்ச."

பதில் நாக்கு நுனிவரை வந்துவிட்டது, நல்ல பதிலும்கூட. வாயைத் திறந்தவள், டாக்டர் இன்னும் கையெழுத்துப் போடவில்லை என்பதைப் பார்த்தாள்.

"ஆமா மேடம்" என்றாள்.