டப்பாவில் எத்தனை நட்டு?

ஆயுத பூஜை. ஓசூர் சிப்காட்டின் அந்தக் கம்பெனியில் மெஷின்கள் எல்லாம் சந்தனம், குங்குமம் வைத்துக்கொண்டு சும்மா நின்றன. சுண்டல் கொடுத்து முடிந்ததும் சூப்பர்வைசர் மோகன்குமார் ஒரு மூடிய தகர டப்பாவை மேஜைமேல் வைத்து மைக்கைப் பிடித்தார்.

"இதுல கொஞ்சம் நட்டு இருக்கு. அதோட ஐம்பது சேர்த்து, வர்றதை ரெண்டு மடங்காக்கினா ஒரு எண் கிடைக்கும். இருக்கறதை மட்டும் அஞ்சு மடங்காக்கி, நூத்தி ஐம்பத்தெட்டைக் கழிச்சாலும் அதே எண்தான். டப்பாவுல எத்தனை நட்டு? ஒரு டீமுக்கு ஒரே பதில்தான்!"

பவளம் மிச்சச் சுண்டலை ஒரே வாயில் போட்டுக்கொண்டாள். திருநெல்வேலிப் பக்கம் பள்ளிக்கூடத்தில் கணக்கென்றால் அவளுக்கு உசிர். கல்யாணமாகி ஓசூர் வந்து அசெம்பிளி லைனில் நின்ற பிறகு அவளிடம் யாரும் கணக்கே கேட்டதில்லை.

"ஏட்டி காவியா, பேனா எடு!"

பக்கத்தில் நின்று வேலை செய்யும் ராயக்கோட்டைப் பெண் காவியா சிரித்தாள். "குத்துமதிப்பா ஒண்ணு சொல்லிடலாங்க்கா."

"தெரியாத எண்ணுக்கு எக்ஸுன்னு பேரு வச்சாப் போதும், அதுவே வந்து நிக்கும் பாரு!"

பவளம் சுண்டல் வாங்கிய காகிதத் தட்டைக் கவிழ்த்து அதன் முதுகில் எழுதினாள். இரண்டு எக்ஸ், கூட்டல் ஐம்பது. அந்தப் பக்கம் ஐந்து எக்ஸ், கழித்தல் நூற்று ஐம்பத்தெட்டு. எக்ஸை ஒரு பக்கம் தள்ளினால் மூன்று எக்ஸ், இருநூற்று எட்டு. வகுத்தாள். அறுபத்தொன்பது போக மிச்சம் ஒன்று நின்றது. நட்டை மூன்றாக நறுக்கியா போட்டிருப்பார்கள்?

"எழுபது!" ஸ்டோர்ஸ் ஆட்கள் கத்தினார்கள்.

"தப்பு! அடுத்தது யாரு?"

பவளம் காவியா பக்கம் திரும்பினாள். "அவர் சொன்னதை அப்படியே திருப்பிச் சொல்லு பிள்ள."

"ஐம்பது சேர்த்து, வர்றதை ரெண்டு மடங்காக்கி..."

"வர்றதை! ஐம்பதும் சேர்ந்துல்லா இரட்டிக்கணும்!"

அடைப்புக்குறி போட்டாள். ஐம்பது நூறானது. மூன்று எக்ஸ், இருநூற்று ஐம்பத்தெட்டு. மிச்சமில்லாமல் வகுபட்டது.

"சார், எண்பத்தாறு!" குரல் கிறீச்சிட்டது.

மோகன்குமார் சிரித்துக்கொண்டே டப்பாவைத் திறந்தார். ஒவ்வொரு நட்டாக எடுத்து வைக்க, மொத்த ஷெட்டும் சேர்ந்து எண்ணியது. எண்பத்து மூணு, எண்பத்து நாலு, எண்பத்து அஞ்சு... கை வெறுமையாய் வெளியே வந்தது. அவர் முகமும் வெளுத்தது. "நானே எண்ணிப் போட்டேனே..."

"ஒண்ணு உள்ளதான் சார் இருக்கு!" பவளம் விடவில்லை. "சமன்பாடு ரெண்டு பக்கமும் சரியா நிக்குது."

காவியா பாய்ந்துபோய் டப்பாவைக் கவிழ்த்து அடியில் ஓங்கி ஒரு தட்டு தட்டினாள். மூலையில் கிரீஸில் ஒட்டிக்கிடந்த நட்டு டங்கென்று மேஜையில் விழுந்து உருண்டது.

"எண்பத்தாறு!" ஷெட்டே அதிர்ந்தது. காவியா பவளத்தைக் கட்டிப்பிடித்துத் தூக்கிச் சுற்றினாள்.

இருவருக்கும் ஆளுக்கொரு குக்கர் பரிசு. வாங்கிய கையோடு பவளம் செல்போனை எடுத்தாள். நைட் ஷிஃப்ட் முடிந்து வீட்டில் தூங்கிக்கொண்டிருந்த அவள் கணவன் சுடலைமுத்து பதறிப்போய் எடுத்தான்.

"ஏங்க, எண்பத்தாறுங்க!"

"என்னடி எண்பத்தாறு? யாருக்கு என்ன ஆச்சு?"

"எக்ஸுங்க! எக்ஸைக் கண்டுபிடிச்சுட்டேன்!"