பக்கத்து சீட்டு

வண்டி ஓரமாக ஒதுங்கத் தொடங்கியபோது டென்னிஸ் தூங்கிவிட்டான் என்றுதான் ஆன்சி நினைத்தாள். திரும்பிப் பார்த்தால் அவன் கண் திறந்திருந்தது. வாய் எதையோ மெல்வதுபோல் அசைந்துகொண்டிருந்தது. இரண்டு கையும் ஸ்டீரிங்கின் மேல்தான் இருந்தன, ஆனால் பிடியில்லை. காயப்போட்ட துணி மாதிரி கிடந்தன.

"யோவ்" என்றாள். அவன் திரும்பவில்லை.

எண்ணூர் நெடுஞ்சாலையில் அப்போதுதான் விடிந்துகொண்டிருந்தது. காசிமேட்டில் ஏலம் எடுத்த மீன், ஐஸ் பெட்டிகளோடு பின்னால் கிடந்தது. முன்னால், ரோட்டோரம், விளக்கு எதுவும் போடாமல் ஒரு கண்டெய்னர் டிரெய்லர் நின்றது. அவர்களுடைய குட்டியானை வண்டி நேராக அதன் முதுகை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. ஆன்சி எட்டி ஸ்டீரிங்கைப் பிடித்து வலது பக்கம் தள்ளினாள். டிரெய்லரின் பின்மூலை அவள் பக்கத்துக் கண்ணாடியைத் தட்டி மடக்கிவிட்டுப் போனது.

கொஞ்ச தூரம் போனபின் டென்னிஸ் தலையை ஆட்டிக்கொண்டான். "இன்னாமே, ஸ்டீரிங்க புடிக்கிற?" என்றான்.

"உனக்கு இன்னா ஆச்சு?"

"இன்னா ஆச்சு? ஒண்ணும் ஆவல. கைய எடு."

மடங்கிய கண்ணாடியை அவன் பார்த்தான். எப்படி மடங்கியது என்று கேட்கவில்லை.

விம்கோ நகர் மார்க்கெட்டில் ஆன்சிக்கு மீன் கடை. கல்யாணமான நாளிலிருந்து டென்னிஸ்தான் சரக்கை ஏற்றிவந்து இறக்குவான். மிச்ச நேரத்தில் வெளி லோடு அடிப்பான். ராயபுரத்தில் வாடகை வீடு, பிளஸ் டூ படிக்கும் மகள் ரூத், அந்த வண்டி, அவ்வளவுதான் அவர்கள் குடும்பம். டாக்டரிடம் போகலாம் என்று ஆன்சி மூன்று தடவை சொன்னாள். மூன்றாவது தடவை அவன் சோற்றுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோனான். அதற்குமேல் அவள் கேட்கவில்லை.

ஆனால் அன்றிலிருந்து பக்கத்து சீட்டில் உட்காருவது அவளுக்கு நரகமாகிவிட்டது. வண்டி கிளம்பியதும் பேச ஆரம்பிப்பாள். வலை கட்டுகிறவர்கள் கதை, ரூத் டீச்சர் சொன்னது, பக்கத்து வீட்டுக்காரியின் நாய், எதையாவது. ஒவ்வொரு பேச்சையும் ஒரு கேள்வியில் கொண்டுபோய் முடிப்பாள். அவன் "ஆமா" என்றால் மூச்சு வரும். பதில் வர ஒரு நொடி தாமதித்தால் அவள் கை தன்னால் ஸ்டீரிங் பக்கம் போகும்.

"காலங்காத்தால ரேடியோ மாரி ஏம்மே கத்திகினு வர?" என்று ஒருநாள் கேட்டான்.

"தூக்கம் வருது. அதான்."

தேரடி பக்கம் காலை டியூஷனுக்குப் போகிற பள்ளிக்கூடப் பிள்ளைகள் கும்பலாக ரோட்டைக் கடப்பார்கள். அந்த இடம் வரும்போது அவள் பேச்சும் நின்றுவிடும். மாதாவே, இங்க வேணாம், இங்க மட்டும் வேணாம் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டிருப்பாள். யாரிடமாவது சொன்னால் அவன் லைசென்ஸ் போய்விடும். சொல்லாவிட்டால் என்ன போகும் என்பதை அவளால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

ஒரு சாயங்காலம், மீன் செதிலைக் கழுவிக்கொண்டே, "நானும் வண்டி ஓட்டக் கத்துக்கறேன்யா" என்றாள்.

அவன் சிரிப்பான், திட்டுவான், பொம்பளைக்கு எதுக்கு என்பான் என்று எதிர்பார்த்தாள். அவன் அவளை வெகுநேரம் பார்த்தான். "கத்துக்கோ" என்றான். "நாளைக்கே போய் சேரு."

கொருக்குப்பேட்டையில் கலீலுல்லா பாயின் டிரைவிங் ஸ்கூல் என்பது ஒரு மேஜையும் ஒரு பழைய மாருதியும்தான். பழகுநர் லைசென்ஸான எல்எல்ஆருக்கு விவரம் எழுதும்போது பாய் ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே வந்தார். பிறந்த தேதி, ரத்த வகை, கண் பார்வை.

"மயக்கம், வலிப்பு, அந்த மாரி எதுனா வருமாம்மா?"

ஆன்சி மேஜையைப் பார்த்தாள். "எனக்கு வராது பாய்" என்றாள்.

"உன்னத்தாம்மா கேக்கறேன். வேற யார கேக்கப்போறேன்?" என்று பாய் கட்டத்தில் கோடு போட்டார்.

சிக்னல், போர்டு எல்லாம் ரூத்தான் போனைக் காட்டிச் சொல்லிக்கொடுத்தாள். முக்கோணத்துக்குள் வந்தால் எச்சரிக்கை, சிவப்பு வட்டத்துக்குள் வந்தால் கூடாது என்று அர்த்தம். ஆன்சிக்கு அது சுலபமாகவே பிடிபட்டது. கம்ப்யூட்டர் டெஸ்டில் பாஸாகி எல்எல்ஆர் வாங்கிவிட்டாள். வண்டியில் உட்கார்ந்தபோதுதான் எல்லாம் மாறிப்போனது. கிளட்ச்சின் மேல் வைத்த இடதுகால் நடுங்கும். அந்த நடுக்கம் வண்டிக்குப் பரவும். வண்டி குதித்துக் குதித்து நிற்கும்.

"கால் ஏம்மா தந்தி அடிக்குது?" என்பார் பாய். "மாடு குறுக்க வரல, மனுசன் குறுக்க வரல. காலி தெரு. யாருக்கு பயப்படற?"

அவள் பயந்தது அந்தக் காலித் தெருவுக்கு இல்லை என்பதை அவரிடம் எப்படிச் சொல்வாள்? அவள் தினமும் விடியலில் ஒரு சாவைத் தாண்டி வந்து, கடை முடிந்தபின் அவர் வண்டியில் உட்கார்ந்தாள். கை ஸ்டீரிங்கைத் தொட்டதும் அந்த டிரெய்லரின் முதுகு கண்ணுக்கு முன்னால் வந்து நின்றது.

எல்எல்ஆர் எடுத்த முப்பது நாளுக்குப் பிறகுதான் டெஸ்டுக்குப் போக முடியும். அதுவரை ஓட்டிப் பழகலாம். ஆனால் எல் போர்டு மாட்ட வேண்டும், பக்கத்தில் லைசென்ஸ் உள்ளவர் உட்கார்ந்திருக்க வேண்டும். "உன் வூட்டுக்காரர் டிரைவர்தானே? ஞாயித்துக்கெழமைல அவர வச்சிகினு ஓட்டு. பெரிய ரோடு பழகும்" என்றார் பாய்.

ஆன்சி தலையாட்டினாள்.

ஞாயிறு வியாபாரம் மதியத்துக்குள் முடிந்துவிடும். காலி வண்டியோடு விம்கோ நகரிலிருந்து திரும்பும்போது அவள் ஸ்டீரிங்கில் உட்காருவாள். முதல் இரண்டு ஞாயிறு டோல்கேட் வரைக்கும் வந்துவிட்டு, வேர்த்துப்போய், வண்டியை அவனிடம் கொடுத்துவிட்டாள். மூன்றாவது ஞாயிறு, "இன்னிக்கு வூடு வரிக்கும் நீயே ஓட்டு" என்றான் டென்னிஸ். "நான் வாயத் தொறக்க மாட்டேன்."

இடதுபக்கம், கடலோரமாக, துறைமுகத்துக்குப் போகிற டிரெய்லர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வரிசைகட்டி நின்றன. அவளுக்கு மிச்சமிருந்தது ஒரே ஒரு தடம்தான். பின்னால் இன்னொரு டிரெய்லர் ஒட்டி வந்தது. அதன் ஹாரன் முதுகுத்தண்டில் இறங்கியது. மூன்றாவது கியரில் போய்க்கொண்டிருந்தாள். "நல்லாத்தானே போவுது?" என்று கேட்டாள்.

பதில் வரவில்லை.

"யோவ், நல்லாத்தானே போவுது?"

தொண்டைக்குள்ளிருந்து ஒரு சத்தம் வந்தது. அது டென்னிஸின் குரலே இல்லை. அவன் உடம்பு விறைத்து வில்லாக வளைந்தது. பெல்ட் போடும் பழக்கம் அவனுக்குக் கிடையாது. அடுத்த கணம் அவன் சரிந்து, தோளும் தலையுமாக கியரின் மேல் விழுந்தான். விழுந்தவன் உதற ஆரம்பித்தான்.

ஆன்சி கத்தினாளா இல்லையா என்பது பிறகு அவளுக்கே நினைவில்லை. நிறுத்தவேண்டும் என்று தோன்றியது. நிறுத்தினால் பின்னால் வருகிறவன் ஏறிவிடுவான். ஒதுங்க இடமில்லை. கியரை மாற்ற முடியவில்லை. இடது முழங்கையை அவன் தலைக்குக் கீழே கொடுத்து, இரும்பில் மோதாமல் தாங்கிக்கொண்டாள். வலது கை ஒன்றால் ஓட்டினாள். வேகத்தைக் கூட்டவும் பயம், குறைக்கவும் பயம். அவன் வாயிலிருந்து வழிந்தது அவள் முழங்கையில் சூடாக இறங்கியது. செத்துக்கொண்டிருக்கிறான், என் கையிலேயே செத்துக்கொண்டிருக்கிறான் என்று நினைத்தாள். அப்படி நினைத்துக்கொண்டே ரோட்டைப் பார்த்தாள். ரோட்டை விட்டுக் கண்ணை எடுக்க அவளுக்குத் துணிச்சல் வரவில்லை.

எதிர்ப்பக்கம் ஒரு தெருமுனையில் சின்ன ஆஸ்பத்திரி ஒன்று உண்டு. தினமும் பார்த்த பச்சை போர்டு. நடுத்தடுப்பில் இடைவெளி வந்ததும் இண்டிகேட்டர் போட்டு வலதுபக்கம் ஒடித்தாள். கியர் குறைக்காததால் வண்டி திணறி, எதிர்த்தடத்தின் நடுவில் குலுங்கி அணைந்துபோனது.

எண்ணூர் பக்கம் போகிற கண்டெய்னர் ஒன்று நேராக அவளை நோக்கி வந்துகொண்டிருந்தது.

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். பிரேக்கின் காற்று சீறும் சத்தமும் டயர் தேயும் வாடையும் ஒன்றாக வந்தன. கண்ணைத் திறந்தபோது கண்ணாடிக்கு வெளியே வெறும் இரும்பு. அந்த டிரைவர் கெட்ட வார்த்தை சொல்லிக்கொண்டே கீழே குதித்து வந்தார். உள்ளே எட்டிப் பார்த்தவர் வாயை மூடிக்கொண்டார். மறுபக்கக் கதவைத் திறந்து டென்னிஸைத் தூக்கி நிமிர்த்தி, சீட்டோடு சாய்த்து, பெல்ட்டை இழுத்து மாட்டினார்.

"உனக்கு வண்டி ஓட்டத் தெரியுமா?" என்று கேட்டார்.

"தெரியும்" என்றாள்.

அவர் ரோட்டின் நடுவில் நின்று இரண்டு கையையும் விரித்தார். அத்தனை வண்டியும் நின்றது. ஆன்சி கியரை நியூட்ரலுக்குக் கொண்டுவந்தாள். சாவியைத் திருப்பி, முதல் கியர் போட்டு, கிளட்ச்சை மெதுவாக விட்டாள். வண்டி குதிக்கவில்லை.

ஆஸ்பத்திரிக் கட்டிலில் டென்னிஸ் கண் விழித்தபோது அவளை அடையாளம் தெரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்துத்தான் பேரைச் சொன்னான். இது வலிப்புதான் என்றார் டாக்டர். டிரெய்லரில் மோதப்போன அன்று நடந்ததை ஆன்சி சொன்னாள். அதுவும் வலிப்புதான், உடம்பு உதறாமல் நினைவு மட்டும் தப்பிப்போகிற வகை. ஸ்கேன் எடுக்கவேண்டும், மாத்திரையை ஒருவேளைகூட விடக்கூடாது. "வண்டி மட்டும் இனிமே தொடாதீங்க. உங்க உயிர் மட்டும் இல்ல, சட்டமும் அதுக்கு எடம் குடுக்கல" என்று சொல்லிவிட்டுப் போனார்.

டென்னிஸ் விட்டத்தைப் பார்த்துக்கொண்டு கிடந்தான். அப்புறம், "எனக்குத் தெரியும்" என்றான்.

"இன்னா தெரியும்?"

"அந்த கண்ணாடி மடங்கின அன்னிக்கே. அதுக்கு முன்னாடி காசிமேட்டுலயே ஒரு தபா வந்துச்சு. நின்னுகினு இருந்தேன், அப்பால பாத்தா குந்திகினு இருக்கேன். நடுவுல இன்னா நடந்துச்சுன்னு தெரியல."

ஆன்சிக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. "தெரிஞ்சுகினேவா ஓட்டின? தேரடியாண்ட எத்தினி புள்ளைங்க கிராஸ் பண்ணுது, உன் கண்ணுக்குத் தெரியலையா? ஒண்ணு போயிருந்தா நம்ம..." அவளால் முடிக்க முடியவில்லை.

"பயந்துகினேதான் ஓட்னேன். ஓட்டாம வூட்ல குந்தினா நாம இன்னா பண்றது? நெனப்பு தப்பக்கூடாதுன்னு உதட்டக் கடிச்சிகினே ஓட்டுவேன்." குரல் தணிந்தது. "நீ கத்துக்கறேன்னு சொன்னபோது மாதாவே கண்ணத் தொறந்துட்டாங்கன்னு நெனச்சேன். அன்னிக்கே சொல்லியிருக்கணும். வாய் வரல."

அவன் கீழுதட்டின் உள்பக்கம் புண்ணாகிக் கிடந்ததை அவள் பல நாள் பார்த்திருக்கிறாள். வெற்றிலையில் சுண்ணாம்பு அதிகம் என்று நினைத்துக்கொண்டிருந்தாள். அவள் கட்டிலோரம் உட்கார்ந்தாள். ஒரே வண்டியில், ஒரே பயத்தோடு, இரண்டு பேரும் ஒருவரிடம் ஒருவர் நடித்துக்கொண்டு போய்வந்திருக்கிறார்கள்.

மறுநாளிலிருந்து சரக்கு ஏற்ற பாலகணேஷ் என்கிற டிரைவர் பையனைக் கூலிக்கு வைத்தார்கள். அவன் கூப்பிட்ட நேரத்துக்கு வரமாட்டான். ஐஸ் உருகி மீன் கண் வெளுத்துப்போன நாட்களும் உண்டு.

முதல் டெஸ்டில் ஆன்சி தோற்றாள். மைதானத்தில் கம்பங்களுக்கு நடுவே எச் எழுத்து வடிவில் ஓட்டி எச் போடச் சொன்னபோது பின்னால் எடுக்கையில் கம்பத்தை இடித்துவிட்டாள். அன்று டெஸ்ட் வைக்கிற பிரேக் இன்ஸ்பெக்டர் பக்கத்து சீட்டில் ஏறி உட்கார்ந்ததுமே, அந்த மனிதர் சரிந்து விழுந்துவிடுவாரோ என்று அவரையே ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தாள். "ரோட்ட பாரும்மா, என்ன ஏன் பாக்கற?" என்று அவர் எரிந்துவிழுந்தார்.

வெளியே வந்தபோது பாய் டீ வாங்கிக்கொடுத்தார். அவரிடம் முதல்தடவையாக எல்லாவற்றையும் சொன்னாள். பாய் டீயைக் குடிக்காமல் கேட்டார்.

"இத அன்னிக்கே சொல்லியிருந்தா நல்லாருந்திருக்குமேம்மா" என்றார். "நானே அவர பக்கத்துல வச்சி ஓட்டச் சொன்னேனே." அதன்பின் ஒரு வாரம் தினமும் கூடுதலாக எச் போடவைத்தார். காசு வாங்கவில்லை.

இரண்டாவது டெஸ்டுக்கும் அதே பிரேக் இன்ஸ்பெக்டர்தான். அவர் ஏறி உட்கார்ந்ததும், "சார், பெல்ட் போட்டுக்குங்க" என்றாள் ஆன்சி. அவர் அவளை ஒரு பார்வை பார்த்துவிட்டு மாட்டிக்கொண்டார். எச் போட்டபோது கம்பத்தில் இடிக்கவில்லை. மேட்டில் நிறுத்தி எடுத்தபோது வண்டி ஒரு சாண் பின்னால் நழுவியது. அவள் ஆக்ஸிலேட்டரை மிதித்தாள். பிறகு ஏறிவிட்டது. அவர் கையெழுத்துப் போட்டார்.

லைசென்ஸ் கைக்கு வந்த பின்பும் முதல் நாள் விடியலில் ஆன்சியால் கஞ்சி குடிக்க முடியவில்லை. டென்னிஸ் காசிமேடு வரை நடந்துவந்து பெட்டிகளை ஏற்றிக் கயிறு கட்டினான். பக்கத்து சீட்டில் ஏறவில்லை. "நான் வந்தா நீ என்னயே பாத்துகினு இருப்ப" என்றான். "போன் பண்ணு."

அவள் தனியாகப் போனாள். டிரெய்லர்கள் இரண்டு பக்கமும் வந்தன. ஒவ்வொன்றும் கடக்கும்வரை ஸ்டீரிங்கை இறுக்கிப் பிடித்தாள். தேரடியில் வண்டியை மொத்தமாக நிறுத்தினாள். பிள்ளைகள் கடந்துபோனார்கள். பின்னால் யாரோ ஹாரன் அடித்தார்கள். கடைசிப் பிள்ளை எதிர்ப் பிளாட்பாரத்தில் கால் வைக்கும்வரை அவள் நகரவில்லை.

மார்க்கெட்டில் இறங்கியதும் வண்டியைப் பிடித்துக்கொண்டு கொஞ்சநேரம் நின்றாள். பக்கத்துக் கடை ராஜாத்தி, "இன்னாக்கா, ஒடம்பு சரியில்லையா?" என்று கேட்டாள்.

"ஒண்ணுமில்ல. இந்த பெட்டிய ஒரு கை புடி" என்றாள் ஆன்சி. பெட்டியை இறக்கி வைத்துவிட்டு, ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு டென்னிஸுக்குப் போன் போட்டாள். முதல் மணி முடியும்முன்பே அவன் எடுத்துவிட்டான்.