முகவரி அதேதானா

ஃப்ரீசரின் அடியில் கையை விட்டுத் துழாவிக்கொண்டிருந்தான் எம்மெட். ஏப்ரல் வந்துவிட்டால் இப்படித்தான். நல்ல துண்டுகளெல்லாம் பனிக்காலத்திலேயே தீர்ந்துபோய்க் கழுத்துக்கறியும் கொத்துக்கறியும்தான் மிஞ்சும். வெள்ளைக் காகிதத்தில் சுற்றிய ஒவ்வொரு பொட்டலத்தின் மேலும் மனைவி லோர்னாவின் உருண்டைக் கையெழுத்து இருந்தது: எல்க், தொடை, அக்டோபர். எல்க் என்றால் குதிரை உயரத்துக்கு நிற்கிற மான். ஒன்றை அடித்தால் மூன்று பேருக்கு ஒரு வருஷச் சாப்பாடு. இந்த வீட்டில் காசு கொடுத்து மாட்டுக்கறி வாங்கிய நாட்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

மகள் இங்ரித் கார் கொட்டகையின் வாசலில் வந்து நின்றாள். பதினேழு வயது. கையில் பிரித்த கடிதம்.

"அப்பா, நாம எந்த ஊர்க்காரங்க?"

"இதென்ன கேள்வி? காலுக்குக் கீழ பாரு. மொன்டானா."

"காலேஜ்காரங்களுக்கு அப்படித் தோணலையே."

அவன் பொட்டலத்தைக் கீழே வைத்துவிட்டு, விரல்களைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டு கடிதத்தை வாங்கினான். மாநிலப் பல்கலைக்கழகம் அவளை நிலவியல் படிக்கச் சேர்த்துக்கொண்டு ஒரு மாதம் ஆகிறது. அந்தக் கடிதம் இன்னும் சமையலறைச் சுவரில் ஒட்டியிருக்கிறது. இது வேறு அலுவலகத்திலிருந்து வந்திருந்தது. அவள் உள்மாநில மாணவி அல்ல என்று முடிவு செய்திருக்கிறார்கள், ஆகவே வெளிமாநிலக் கட்டணம் கட்ட வேண்டும் என்று எழுதியிருந்தது. அது மூன்று மடங்குக்கும் மேல். அதைக் கட்டச் சொல்வதும் வராதே என்று சொல்வதும் இந்த வீட்டைப் பொறுத்தவரை ஒன்றுதான். காரணம் ஒரே வரியில் இருந்தது: மாணவியின் தந்தை வயோமிங் மாநிலத்தில் வசிப்பவராக அங்கே உறுதிமொழி அளித்து வேட்டை உரிமம் பெற்றிருக்கிறார்.

எம்மெட்டுக்குக் காதுமடல் சுட்டது. "இது அவங்களுக்கு எப்படித் தெரியும்?"

"நான்தான் எழுதினேன்."

ஃபாரத்தில் ஒரு கேள்வி இருந்ததாம். கடந்த ஒரு வருஷத்துக்குள் பெற்றோர் உள்ளூர்வாசிகளுக்கான வேட்டை உரிமமோ மீன்பிடி உரிமமோ வாங்கியிருந்தால், எந்த மாநிலத்தில், என்ன எண்? அவள் எழுந்துபோய் ஃப்ரிட்ஜ் கதவைப் பார்த்திருக்கிறாள். காந்தத்தில் தொங்கிய அப்பாவின் சீட்டிலிருந்து எண்ணை ஒரு இலக்கம் பிசகாமல் பார்த்து எழுதியிருக்கிறாள். அப்பா பிறந்தது அந்தப் பக்கம்தானே, அதனால் அவருக்கு அந்தச் சலுகை உண்டு போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாளாம். நுணல் கத்திக் கெட்டது. இவள் உண்மையை எழுதிக் கெட்டாள்.

"நான் எழுதியிருக்கக் கூடாதாப்பா?"

பொய் எழுதாதே என்று அவளுக்குச் சொல்லிக் கொடுத்தவனே அவன்தான். "கேட்டதை எழுதினே. உன் மேல என்ன தப்பு?" என்றான்.

தப்பு அவனுடையது, அதுவும் வருஷத்துக்கு ஒரே ஒரு வார்த்தையில் செய்த தப்பு. எல்லைக்கு அந்தப் பக்கம் நாற்பது மைலில், அவன் வளர்ந்த ஊரின் இரும்புச் சாமான் கடையில்தான் வேட்டைச் சீட்டு கொடுப்பார்கள். கடைக்காரர் அவன் பெயரைக் கணினியில் தட்டிவிட்டு, கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து, "முகவரி அதேதானா?" என்பார். "அதேதான்" என்பான் இவன். அது அண்ணன் கென்ட்டின் முகவரி. கல்யாணமாகி இந்தப் பக்கம் வந்து பத்தொன்பது வருஷமாகிறது. வெளியூர்க்காரனுக்கான சீட்டுக்குக் குலுக்கலில் பெயர் விழ வேண்டும், விலையும் பத்து மடங்கு. ஆனால் அவனை உறுத்தியது விலை மட்டுமல்ல. பன்னிரண்டு வயதில் அப்பா பின்னால் ஏறிய மலையில், டெக்சாஸிலிருந்து வந்து இறங்குகிற பல் டாக்டரோடு சேர்ந்து தானும் குலுக்கலில் நிற்பதா என்ற வீம்பு. அந்த வீம்புக்குத்தான் ஒவ்வொரு ஜூலையிலும் கடையில் நின்று கையெழுத்துப் போட்டான். ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால்.

அன்று மாலையே லோர்னா அட்டைப்பெட்டிகளைப் பரணிலிருந்து இறக்கிவிட்டாள். பள்ளிக்கூடச் சமையலறையில் நானூறு பிள்ளைகளுக்குக் கணக்காகப் போட்டுப் பழகியவள், எதையும் வீணாகத் தூக்கி எறிய மாட்டாள். கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு தேடினாள். பத்தொன்பது வருஷத்து மின்சார பில்கள், வருமான வரித் தாள்கள், இங்ரித்தின் தடுப்பூசி அட்டை, நூலக அட்டை, ஆறாம் வகுப்பில் கற்கள் சேகரித்ததற்கு மாவட்டக் கண்காட்சியில் கிடைத்த நீல ரிப்பன் வரை மேஜையில் பரப்பினாள். எல்லாமே மொன்டானா என்று ஒரே குரலில் சொல்லின. ஒரே ஒரு சீட்டு மட்டும் இல்லை என்றது.

மறுநாள் பல்கலைக்கழகத்துக்கு லோர்னா போன் செய்தபோது பேசிய பெண் ரொம்பத் தன்மையாகப் பேசினாள். அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது.

"நாங்க உங்களை நம்பாம இல்லம்மா. ஆனா உங்க வீட்டுக்காரர் அங்கதான் குடியிருக்கேன்னு உறுதிமொழி கொடுத்திருக்கார். அது பொய்யுன்னு அவரே எழுதி, நோட்டரி முன்னாடி சத்தியம் பண்ணி, கையெழுத்துப் போட்டு அனுப்பணும். முப்பது நாளைக்குள்ள. அதுக்கு மேல போனா என் கையில எதுவும் இல்ல."

போனை வைத்துவிட்டு லோர்னா அவன் பக்கம் திரும்பினாள். "கேட்டியா?"

"கேட்டேன். அபராதம் போடுவாங்க. வேட்டை உரிமையைப் பறிப்பாங்க. அது போகட்டும், கட்டறேன்." மேஜையில் கிடந்த சீட்டைக் கையில் எடுத்துக்கொண்டு சொன்னான்: "ஆனா கென்ட்..."

கென்ட்டின் பிழைப்பே வேட்டை வழிகாட்டி வேலைதான். வெளியூர்ப் பணக்காரர்களைக் குதிரையில் ஏற்றி மலைக்குக் கூட்டிப்போவது. பொய்ச் சீட்டுக்குத் தன் விலாசத்தைக் கொடுத்தவன் என்று பேர் வந்தால் அவன் உரிமத்தை ஒரே நாளில் கிழித்துப் போட்டுவிடுவார்கள்.

"உங்கண்ணன் கோவிச்சா கோவிச்சுக்கட்டும்," என்றாள் லோர்னா. "அவருக்குக் குதிரை ஏழு இருக்கு. எனக்குப் பொண்ணு ஒண்ணுதான்."

நியாயம்தான். ஆனாலும் எம்மெட் இருபத்தொன்பது நாட்களைக் கடத்தினான். அவன் வேலை பார்க்கிற பீட்கிழங்குச் சர்க்கரை ஆலையில் லாரிகளுக்கு அச்சு மாற்றினான், ஒழுகிய கழிவுநீர்க் குழாயை அடைத்தான், அடைத்ததையே மறுபடி அடைத்தான். இங்ரித் ஒருமுறைகூடக் கேட்கவில்லை. முட்டை அட்டைகளில் அடுக்கிவைத்திருந்த கற்களைத் தினமும் ஒன்றொன்றாக எடுத்துத் துடைத்து, பெயர்ச்சீட்டைப் புதிதாக எழுதி ஒட்டிக்கொண்டிருந்தாள். விடுதி அறைக்கு எடுத்துப்போகவா, மூட்டை கட்டி வைக்கவா என்று அவளைப் பார்த்துச் சொல்ல முடியவில்லை.

கடைசி நாள் வெள்ளிக்கிழமை. லோர்னா தட்டச்சு செய்துவைத்த வாக்குமூலத்தைச் சட்டைப்பையில் மடித்து வைத்துக்கொண்டு, மதியமே வேலையிலிருந்து கிளம்பிவிட்டான். வங்கியில் டோரீன் என்கிற அம்மாள்தான் ஊருக்கு நோட்டரி. ஐந்து மணி வரை இருப்பாள். அதற்குள் அண்ணனை ஒரு வார்த்தை கேட்டுவிட வேண்டும். சொல்லாமல் முதுகில் குத்த மனம் வரவில்லை.

கென்ட் தொழுவத்தின் முன்னால் சேணத்துக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தான்.

"என்னடா, வேலைநாள்ல இந்தப் பக்கம்? ஆலையை எடுத்து வித்துட்டாங்களா?"

எம்மெட் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னான். கென்ட் துணியை எண்ணெயில் தோய்ப்பதும் தேய்ப்பதுமாகவே கேட்டுக்கொண்டிருந்தான்.

"உன் பொண்ணு கெட்டிக்காரின்னு தெரியும். இவ்வளவு கெட்டிக்காரின்னு தெரியாது."

"அவளை ஒண்ணும் சொல்லாதண்ணே."

"சொல்லல. சொல்லி என்ன ஆகப்போகுது? நீ எழுதிக் கொடுக்கற காகிதம் காலேஜோட நின்னுடும்னு நினைக்கறியா? கேட்கிறவன் கேட்பான். இத்தனை வருஷமா விலாசம் கொடுத்த புண்ணியவான் யாருன்னு கேட்பான். லைசென்ஸ் போச்சுன்னா ஏழு குதிரைய வெச்சுக்கிட்டு நான் என்னடா, சர்க்கஸா நடத்தறது?"

எம்மெட் சட்டைப்பையில் இருந்த காகிதத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டான்.

"ஒரு வழி இருக்கு. இந்த வருஷம் இங்க சீட்டு எடுக்காத. அங்கயே எடு. அடுத்த வருஷம் நீ சுத்தமான மொன்டானாக்காரன், எவனும் கேள்வி கேக்க முடியாது. புள்ளைய ஒரு வருஷம் பொறுத்துக்கச் சொல்லு. ஒரு வருஷம்தானேடா."

இதே தொழுவத்தில், இதே வாயிலிருந்து இந்த வார்த்தையை அவன் முன்பும் கேட்டிருக்கிறான். வெல்டிங் பள்ளிக்கூடத்தில் இடம் கிடைத்திருந்த பதினெட்டு வயதில், அப்பா இடுப்பு முறிந்து படுத்தபோது. ஒரு வருஷம்தானேடா. அந்த வருஷம் இன்னும் முடியவில்லை. ஆனால் லோர்னாவுக்கு ஆபரேஷன் ஆகி, ஆலையும் மூடியிருந்த பனிக்காலத்தில், கேட்காமலே வந்து ஃப்ரீசரை நிரப்பிவிட்டுப் போனவனும் இவன்தான். இரண்டும் நெஞ்சுக்குள் ஒன்றை ஒன்று முட்டிக்கொண்டு நின்றன.

கென்ட் எழுந்து வீட்டுக்குள் போனான். திரும்பி வந்தபோது கையில் கம்பளி சுற்றிய துப்பாக்கி. எம்மெட்டுடையது. வேட்டை இங்கேதான் என்பதால் வருஷம் முழுக்க இங்கேயே கிடப்பது. அதை பிக்கப் வண்டியின் இருக்கையில் கொண்டுபோய் வைத்துவிட்டுக் கதவைச் சாத்தினான்.

"அண்ணே, நான் இன்னும் முடிவு பண்ணல."

"மணி மூணே முக்கால். அஞ்சுக்குள்ள பண்ணித்தானே ஆகணும்." கென்ட் சேணத்தின் முன்னால் மறுபடி உட்கார்ந்துவிட்டான். நிமிர்ந்து பார்க்கவில்லை.

எல்லையைத் தாண்டும் இடத்தில் தார்ச்சாலையின் நிறம் மாறும். சக்கரத்தின் சத்தமும் மாறும். சின்ன வயதில் இங்ரித் அந்த இடத்தில் மூச்சைப் பிடித்துக்கொண்டு, தாண்டியதும் விடுவாள். இன்று அவன் மூச்சைப் பிடித்திருந்தான். பையில் இருந்த காகிதம் வேர்வையில் சட்டையோடு ஒட்டியது. போட்டுவிடுவேன் என்று ஒரு மைல் சொல்லிக்கொண்டான். எப்படிப் போடுவேன் என்று அடுத்த மைல் கேட்டுக்கொண்டான்.

வங்கியின் முன் வண்டியை நிறுத்தியபோது ஐந்தாகப் பத்து நிமிஷம் இருந்தது. கண்ணாடிக்குப் பின்னால் டோரீனின் மேஜை விளக்கு தெரிந்தது. அவளைக் கிளம்பவிடாமல் லோர்னா பேச்சுக் கொடுத்துக்கொண்டிருந்தாள், மடியில் அட்டைப்பெட்டி. இங்ரித் மட்டும் வெளியே படியில் உட்கார்ந்திருந்தாள். எழுந்து வந்து வண்டியின் ஜன்னல் அருகே நின்றாள்.

"பெரியப்பா போன் பண்ணார்."

"திட்டினாரா?"

"இல்ல. குதிரைங்களைப் பத்திப் பேசினார். கிழட்டு ஜூனிப்பருக்குக் கண்ணு தெரியலையாம். எதையெதை விக்க வேண்டி வரும்னு ஒவ்வொண்ணா பேர் சொன்னார்." அவள் ஜன்னல் விளிம்பை நகத்தால் சுரண்டினாள். "நான் அடுத்த வருஷம் போறேன்ப்பா. ஆலையில பீட் சீசனுக்கு ஆள் எடுக்கறாங்களாம். கல்லு எங்க ஓடிடப் போகுது?"

எம்மெட்டின் நெஞ்சில் ஏதோ ஒன்று தளர்ந்து இறங்கியது. தோள்கள் தாழ்ந்தன. நாற்பது மைல் பிடித்துவைத்திருந்த மூச்சு தானாக வெளியே வந்தது. அது நிம்மதி. வேறு பேர் வைத்து அதை அழைக்க முடியாது. அவமானம் அதற்குப் பின்னால்தான் வந்தது, அதுவும் சாவகாசமாக. அவன் நிமிர்ந்தபோது மகள் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு பதிலுக்காகக் காத்திருந்த பார்வை அது. அவன் முகத்தில் தெரிந்த நிம்மதியையே பதிலாக அவள் வாங்கிக்கொண்டது அவனுக்குத் தெரிந்தது.

"இல்லம்மா," என்றான். "வா, உள்ள போவோம். நான் போடறேன்." சொன்னானே தவிர, சொல் ஒரு மூச்சு பிந்தித்தான் வந்தது.

"தெரியும்ப்பா," என்றாள் இங்ரித்.

அவள் வண்டியைச் சுற்றிக்கொண்டு வந்து மறுபக்கக் கதவைத் திறந்தாள். இருக்கையில் துப்பாக்கி கிடந்ததால் உட்கார இடமில்லை. கம்பளியை விலக்கி, அதை எடுத்து, குழலைத் தரைப்பக்கம் திருப்பினாள். சிறுவயதில் அவன் கற்றுக் கொடுத்தபடியே தாழை இழுத்து, குண்டு இருக்கிறதா என்று உள்ளே எட்டிப் பார்த்தாள். விரலை விட்டும் தடவிப் பார்த்தாள்.

"காலிதான்," என்றாள். வங்கிப் பக்கம் திரும்பாமல் ஏறி உட்கார்ந்து, அதை முழங்கால்களுக்கு நடுவே நிறுத்திப் பிடித்துக்கொண்டாள்.

வங்கிக்குள் லோர்னா எழுந்து கண்ணாடியருகே வந்து நின்று, என்ன என்று கையால் கேட்டாள். அவளுக்குப் பின்னால் டோரீன் மேஜை விளக்கை இன்னும் அணைக்கவில்லை. வண்டியின் எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. எம்மெட்டின் ஒரு கை சட்டைப்பையின் மேல் இருந்தது, மற்றது சாவியின் மேல்.