குமுதவேணியை நான் கொன்ற கதை

1

இந்தக் கதை பொறாமையில் பிறந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பாதியில் நீங்களாகக் கண்டுபிடித்து, "ஓகோ, வயிற்றெரிச்சல்காரன்!" என்று சிரித்தால் என்னால் தாங்க முடியாது.

முதலில் இப்படித்தான் தொடங்கினேன்: "கொல்லிமலையின் உச்சியில் மேகங்கள் தவழ்ந்து..." அடித்துவிட்டேன். மேகங்கள் ஒரு தப்பும் செய்யவில்லை. அடுத்தது: "அர்த்தனாரி என்று ஓர் எழுத்தாளன் இருந்தான்." அதையும் அடித்தேன். இருந்தானாவது! இருக்கிறான். நன்றாகக் கொழுத்து இருக்கிறான்.

அர்த்தனாரியும் நானும் திருச்செங்கோட்டில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவர்கள். என் வியாசங்களைப் பார்த்துப் பார்த்து எழுதியவன் அவன். இன்றைக்குத் தமிழ் வாசிக்கத் தெரிந்த வீடுகளில் அவன் புத்தகம் இல்லாத (இந்த வாக்கியத்தை முடிக்க எனக்கு இஷ்டமில்லை.)

ஒரு கையால் 'விடிகாலை மனிதன்', 'பதினாறு நாளில் தைரியம்', 'மலச்சிக்கலும் மனக்கவலையும்' என்று ஊருக்குப் புத்தி சொல்லுவான். இன்னொரு கையால் 'நீலக் கண்ணாடிக் கொலை', 'குமுதவேணி அல்லது பூட்டிய பங்களா' என்று மாதம் ஒரு பெண்ணைக் கடத்துவான். இரண்டும் ஒரே பேனா, ஒரே மை. காலையில் யோக்கியன், மத்தியானம் கொலைகாரன். ஜனங்களுக்கு இரண்டும் வேண்டியிருக்கிறது.

நான் அருணாசலம். உத்தியோகம், அம்மை குத்துவது. பதினைந்து வருஷமாக எழுதுகிறேன், அச்சில் வந்தது ஒரே ஒரு கதை. அதற்கு எதிர்ப்பக்கத்தில் அர்த்தனாரியின் புத்தக விளம்பரம், முழுப்பக்கம், அவன் போட்டோவோடு. என் கதையை யாராவது படித்திருந்தால் அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டேதான் படித்திருப்பார்கள்.

(அவனுடைய குப்பையை நான் தொடுவதில்லை என்று சிநேகிதர்களிடம் சொல்லி வந்திருக்கிறேன். பொய். ஒன்று விடாமல் படித்திருக்கிறேன். குமுதவேணியை மட்டும் மூன்று தடவை. இது நமக்குள் இருக்கட்டும்.)

2

போன சித்திரையில் கொல்லிமலை ஏறி வளப்பூர் நாட்டுக்குப் போனேன். (அங்கே பல ஊர் சேர்ந்தது ஒரு நாடு.) சோளக்காடு என்ற ஊரில் மூட்டையை வைத்துவிட்டு, ஊசிப் பெட்டியோடு ஊர் ஊராக நடந்து குத்த வேண்டும். குத்தின எட்டாம் நாள் திரும்பி வந்து, கொப்புளம் எழும்பியிருக்கிறதா என்று பார்த்து ரிஜிஸ்தரில் எழுத வேண்டும். என் தலையைக் கண்டதும் பாதி ஊர் காட்டுக்குள் ஓடிவிடும், அது வழக்கம்தான்.

அன்றைக்கு ஒருத்தி மட்டும் ஓடவில்லை. இடுப்பில் நான்கு வயசுப் பெண் குழந்தையோடு நேரே வந்து கையை நீட்டினாள்.

"எனக்கு மொதல்ல குத்துங்க. பொறவு புள்ளைக்கு. எதுக்கு அஞ்சறமோ அத மொதல்ல செஞ்சுரோணுமுங்க."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இது 'பதினாறு நாளில் தைரியம்', மூன்றாம் நாள், முதல் வரி!

[இங்கே இவளை, அத்தாயியை, வருணிக்க வேண்டும். கண், மூக்கு என்று இரண்டு பத்தி எழுதிக் கிழித்தேன். நான் முகத்தைப் பார்க்கிறவன் அல்ல, கையைப் பார்க்கிறவன்.]

சேலையை விலக்கிக் காட்டிய கையில், முழங்கைக்கு மேலே நான்கு வட்டத் தழும்புகள். கொள்ளிக்கட்டையால் வைத்த சூடு. ஒன்று இன்னும் ஆறவில்லை. ஊசி வைக்க நல்ல தோலைத் தேட வேண்டியிருந்தது.

"யாரம்மணி வெச்சது?"

"ஊட்டுக்காரருங்க" என்றாள், பேர் சொல்லாமல்.

பேரை அவள் அப்பா அப்பாசாமி சொன்னார்: குண்டூர் நாட்டுக் குழந்தைசாமி. பெண் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பிறந்த வீட்டுக்கு வந்துவிட்டாள். அந்த மலையில் புருஷனை வேண்டாம் என்று வருவது பெரிய குற்றமல்ல, ஆனால் பிள்ளை அப்பனுக்குப் போய்விடும். அப்பாசாமி ஊர்க்கவுண்டரின் காலைப் பிடித்து ஒரு வழி பண்ணியிருந்தார். வருகிற திங்கட்கிழமை நாட்டார் பஞ்சாயத்துக் கூடுவார்கள். அத்தாயி கூட்டத்தின் நடுவே நின்று, கையைக் காட்டி, தன் வாயாலேயே நடந்ததைச் சொன்னால், குழந்தை ராமாயி தாயிடமே இருக்கலாம். வாய் திறக்காவிட்டால் பிள்ளை குண்டூருக்கு.

"பேசிருவியா?" என்று கேட்டேன்.

"பேசிருவனுங்க. எதுத்தாப்புல குந்தியிருக்கறவங்கள பலாப்பழமுன்னு நெனச்சுக்கோணும். பொஸ்தகத்துல போட்டிருக்குதுங்க."*

* அர்த்தனாரி எழுதியது 'பூசணிக்காய்கள்'. பலா அவள் திருத்தம். அவன் வரியை விட அவள் வரி நன்றாக இருக்கிறது என்பதில் எனக்கு அற்ப சந்தோஷம்.

3

அந்தப் புத்தகத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். அத்தாயி சிறுமியாக இருந்தபோது துரை ஒருவர் மலையில் நடத்திய பள்ளியில் எழுத்துக்கூட்டக் கற்றவள். பேளுக்குறிச்சிச் சந்தையில் மிளகு போட்டுவிட்டு இதை வாங்கி வந்திருக்கிறாள். பழைய புத்தகக்காரன் கிழிந்ததையெல்லாம் சேர்த்து, தடிமன் வரும்படி கோணி ஊசியால் தைத்து விற்பான். இதில் அர்த்தனாரியின் தைரியமும் அர்த்தனாரியின் குமுதவேணியும் தாறுமாறாகக் கலந்து தைத்திருந்தன. பத்துப் பக்கம் புத்தி, பத்துப் பக்கம் பங்களா, மறுபடி புத்தி.

அத்தாயிக்கு அது இரண்டு புத்தகம் என்றே தெரியாது.

"அந்தப் புள்ள குமுதவேணியப் புருசன் பங்களாவுல போட்டுப் பூட்டிட்டானுங்களா, அப்பப் பாருங்க, கதவுக்கு வெளியில ஒருத்தர் நின்னுக்கிட்டுச் சொல்லிக் குடுக்கறாரு. விடியறதுக்கு முன்ன எந்திரி, மூச்ச இழுத்து வுடு, கண்ணப் பாத்துப் பேசுன்னு. அவ ஒண்ணொண்ணாச் செஞ்சு செஞ்சு வெளியில வந்து, புள்ள தனக்கே வேணுமுன்னு கோர்ட்டு வரைக்கும் போயிட்டா. அந்த ஆளு ஆருன்னு கடைசி மட்டும் சொல்லவே இல்லீங்க. எம்புட்டு சமத்தா எழுதியிருக்காரு!"

அடப்பாவி அர்த்தனாரி! நீ எழுதியது இரண்டு மட்டமான புத்தகம். இவள் படித்தது ஒரு மகத்தான புத்தகம். பேரையும் புகழையும் நீ வைத்துக்கொள், ஐயா, அதெல்லாம் எனக்குப் பழகிவிட்டது. இப்படி ஒரு வாசகி எதற்கு உனக்கு? அவள் சாமை காயப்போட்ட பாறையில் உட்கார்ந்து, வரிக்கு வரி விரல் வைத்துப் படித்துக் காட்டக் காட்ட, என் வயிறு பற்றி எரிந்தது.

வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்தேனா? "இதை எழுதியவன் எனக்குத் தெரிந்தவன்தான். என்னோடு படித்தவன். நானும் கதை எழுதுகிறவன்தான்" என்றேன்.

பின்பாதி அவள் காதில் விழவே இல்லை.

"ஏனுங்க, நெசமாவா? அப்ப முடிவு உங்களுக்குத் தெரிஞ்சிருக்குமே!"

கடைசிப் பக்கங்களைக் கறையான் தின்றிருந்தது. மிச்சமிருந்த கடைசி வரி இது: "'நீ சொல்ல வேண்டியது ஏதாவது உண்டா?' என்று நீதிபதி கேட்டார். குமுதவேணி வாயைத் திறந்தாள்."

4

இந்தப் பகுதியை ஆறு தடவை எழுதிவிட்டேன்.

அர்த்தனாரியின் முடிவு எனக்குத் தெரியும். குமுதவேணி பேசவே மாட்டாள். துப்பறிகிறவன் ஒரு கடிதத்தோடு ஓடி வருவான், புருஷன் திருந்தி அழுவான், இவள் அவன் காலில் விழுந்து பங்களாவுக்கே திரும்புவாள், வடை பாயசத்தோடு சுபம். அதைச் சொன்னால் அத்தாயி குண்டூருக்குத் திரும்பிப் போவாள்.

நல்ல முடிவு ஒன்று எனக்கு அந்த நிமிஷமே தோன்றியது. சத்தியமாகச் சொல்கிறேன், என் ஆயுசில் அவ்வளவு சுத்தமாக எதுவும் தோன்றியதில்லை. ஆனால் அதைச் சொன்னால் என்ன ஆகும்? "எம்புட்டு சமத்தா எழுதியிருக்காரு!" ஊரான் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே என்பதைத் தலைகீழாக்கி, என் நெய்யை அள்ளி அவன் இலையில் ஊற்றுவதா?

"இது நான் சொல்கிற முடிவு என்று வைத்துக்கொள்..." என்று ஆரம்பித்துப் பார்த்தேன்.

"உங்களுது வேண்டாமுங்க. அவரு எழுதுனதச் சொல்லுங்க" என்றாள்.

சரி, இந்தா வாங்கிக்கொள் என்று மனசுக்குள் கறுவிக்கொண்டேன். அவள் அர்த்தனாரியை வெறுக்க வேண்டும், புத்தகத்தை அடுப்பில் போட வேண்டும். அது ஒன்றுதான் என் புத்தியில் இருந்தது.

"குமுதவேணி பேசினாள். ஒருத்தரும் நம்பவில்லை. பேசிய பாவத்துக்குப் பிள்ளையும் போனது. ஊருக்குத் திரும்புகிற வழியில் ரயில் வண்டி முன்னால் விழுந்து செத்துப்போனாள். அவ்வளவுதான்" என்றேன்.

அத்தாயி புத்தகத்தை மூடி, அதன்மேல் கையை வைத்துக்கொண்டாள். நான் பெட்டியை எடுத்துக்கொண்டு அடுத்த ஊருக்கு நடந்தேன். வழியெல்லாம், முடிவு கச்சிதமாக அமைந்தது என்று நினைத்துக்கொண்டேன்.

(ஆம், அப்படித்தான் நினைத்தேன். மறைத்து என்ன ஆகப்போகிறது.)

5

எட்டாம் நாள் போனேன். அப்பாசாமி மட்டும் மிளகுக் கொடியை மரத்தில் ஏற்றிக் கட்டிக்கொண்டிருந்தார்.

"வாயே தொறக்கலீங்க. ஊர்க்கவுண்டரு மூணு வாட்டி கேட்டாரு. குனிஞ்ச தலை நிமுராம நின்னா. காத்தால வரைக்கும் பேசறேன் பேசறேன்னுதான் சொல்லிக்கிட்டிருந்தா. புள்ளய அவங்கூட அனுப்புனாங்க. புள்ள அழுவுறதக் கேட்டு இவளும் பின்னாலயே போயிட்டா."

குழந்தையின் கையைப் பார்த்து ரிஜிஸ்தரில் எழுதியாக வேண்டும். குண்டூருக்கு நடந்தேன். குழந்தைசாமி காட்டுக்குப் போயிருந்தான். அத்தாயி வாசலில் மரவள்ளிக் கிழங்கு தோலுரித்துக்கொண்டிருந்தாள். ராமாயியின் கையில் கொப்புளம் நன்றாக எழும்பியிருந்தது. அத்தாயி தன் கையையும் நீட்டினாள். நான் குத்தின இடத்துக்கு இரண்டு விரல் கீழே ஐந்தாவது வட்டம், புதியது.

எழுத வேண்டியதை எழுதினேன்.

"கதை எழுதுனவரு பெரிய மனுசருங்க. பேசுனா என்ன ஆகுமுன்னு முன்கூட்டியே சொல்லி வெச்சிருக்காரு பாருங்க. பொஸ்தகத்துலயே அந்தக் கடைசிதானுங்க ரொம்ப நல்லா இருந்துச்சு. கேட்டதுலருந்து நெஞ்ச வுட்டுப் போவவே மாட்டேங்குது" என்றாள்.

இனி எழுதப்போவதற்கு என்னை நீங்கள் காறித் துப்பலாம். அவள் அப்படிச் சொன்னபோது எனக்குச் சந்தோஷமாக இருந்தது. என் எழுத்தை முதன்முதலாக ஒருவர் நன்றாக இருக்கிறது என்கிறார்! அந்தப் புது சூட்டைப் பார்த்துக்கொண்டே சந்தோஷப்பட்டேன். அதற்குப் பிறகுதான் வெட்கம் வந்தது. அவமானம் தாங்காமல் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

"அம்மணி, அது அவன் எழுதியதல்ல. நான் கட்டிவிட்டது. பொய். நீ பேசியிருக்க வேண்டும்."

அத்தாயி என்னைப் பார்த்துச் சிரித்தாள். குழந்தையிடம் சிரிப்பதுபோலச் சிரித்தாள்.

"சும்மா இருங்க சாமி. அவரு பேரு எடுத்தாலே உங்க மூஞ்சி சுருங்கறத நான் பாக்கலீங்களா? அம்புட்டு நல்ல முடிவ நீங்க எழுதுனீங்கன்னா ஆரு நம்புவாங்க?"

"சத்தியமாக!"

"அப்ப அவரே சொல்லட்டும். அவரு பேரு போட்டு வரட்டும். வந்தா நம்பறேன். ஆடிப் பதினெட்டுக்கு அறப்பளீசுவரர் கோயில்ல நாடே கூடுது, அப்பா மறுக்காவும் கேட்டுப் பாக்கறேங்கறாரு. அப்பப் பேசறேன்."

6

இப்போது ஆனி மாதம். குமுதவேணியின் கடைசி அத்தியாயம், அன்று பாறையில் நான் சொல்லாமல் விழுங்கியது, இது:

"குமுதவேணி வாயைத் திறந்தாள். குரல் வரவில்லை. மூச்சை இழுத்து விட்டாள். பிறகு சேலையை விலக்கிக் கையை நீட்டி, 'இதை எண்ணுங்கள்' என்றாள். எண்ணி முடிக்கும் வரை அவள் தலை குனியவில்லை. குழந்தை அவளிடமே இருந்தது."

[இதற்கு மேல் ஒரு வரி சேர்த்தாலும் கெட்டுப்போகும். அர்த்தனாரியானால் பத்துப் பக்கம் எழுதியிருப்பான்.]

இது மலையேற வேண்டும். யுத்தத்தில் காகிதத்துக்குத் தட்டுப்பாடு, புத்தகம் போடுகிறவர்கள் என்னைப் பார்த்தால் கதவைச் சாத்துகிறார்கள். சிறுபத்திரிகை ஒன்று என் பெயரிலேயே போடுவதாகச் சொல்கிறது. அது நாமக்கல்லைத் தாண்டாது. தாண்டினாலும் என் பெயர் இருந்தால் அவள் நம்பமாட்டாள்.

அர்த்தனாரிக்கு நடந்ததைச் சொல்லிக் கார்டு எழுதினேன். மறு தபாலில் பதில்: "அருணாசலம், பேஷாகப் போடலாம்! எல்லாவற்றையும் அனுப்பு. காகிதம் என் பெயருக்குத்தான் கிடைக்கிறது, அதனால் என் பெயரில்தான் போக முடியும். உனக்கு மனம் ஒப்பினால் சரி. ஆடிச் சந்தைக்கு வந்துவிடும். உன் வியாசங்கள் எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கின்றன." சண்டாளன், நல்லவனாகவும் இருக்கிறான். திட்டக்கூட வழியில்லை.

இந்தக் கதை முழுவதும், என் புலம்பலோடு, அவன் பெயரில் வந்தால் ஜனங்கள் என்ன சொல்வார்கள் தெரியுமா? "அர்த்தனாரி தன்னையே எவ்வளவு அழகாகக் கேலி செய்துகொள்கிறார்! அந்தப் பொறாமைக்கார அருணாசலம் என்ன அருமையான கற்பனை!" என்பார்கள். பதினைந்து வருஷம் எழுதி, கடைசியில் நான் அவன் கற்பனையாகிவிடுவேன்.

7

மேஜைமேல் இரண்டு உறைகள் இருக்கின்றன. ஒன்றில் சிறுபத்திரிகையின் விலாசம், மற்றதில் அர்த்தனாரியின் விலாசம். கதை ஒரு பிரதிதான், நகல் எடுக்கவில்லை. எடுத்தால் இரண்டுக்கும் அனுப்பித் தப்பித்துக்கொள்வேன். தபால்காரர் வருகிற நேரம்.

முடிவை நான் எழுதப்போவதில்லை. அது உள்ளே இல்லை, அட்டையில் இருக்கிறது. அட்டைக்குத் திரும்பி, யார் பெயர் அச்சாகியிருக்கிறது என்று பாருங்கள். என் பெயர் இருந்தால் என்னைப் பாராட்ட வேண்டாம், முகத்தில் விழிக்கவும் வேண்டாம்.

அத்தாயி, படிக்கிறது நீ என்றால் அட்டையில் அவன் பெயர்தான் இருக்கும். நீ கேட்டபடி வந்துவிட்டது. இனி மூச்சை இழுத்து விடு. கையை நீட்டு. எதிரே உட்கார்ந்திருப்பதெல்லாம் பலாப்பழம், அம்மணி.