கம்பவுண்டர் கடைசிவரை இருப்பாரா?

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். பழைய அமெரிக்கக் கறுப்பு வெள்ளைப் படங்களில் ஒரே ஒரு காட்சிக்கு வந்துபோகும் குணச்சித்திர நடிகர் ஒருவரைப் பற்றி நாவல் எழுதத்தான் உட்கார்ந்தேன். முதல் வரி இப்படி வந்தது:

‘ஹாலிவுட்டில் அன்று காலை மெல்லிய பனி…’

அடித்துவிட்டேன். எனக்குத் தெரிந்த பனி பட்டுக்கோட்டை மார்கழிப் பனி. அமெரிக்காவை நான் பார்த்ததெல்லாம் குவைத்தில், அப்பாசியாவில், மூன்று பேர் தங்கியிருந்த ஒரு ரூமின் டிவியில்தான். எனவே கதையும் அங்கேதான் நடக்கும். வருஷம் இரண்டாயிரத்து ஆறு, ஜூலை மாதம். நடிகருக்கு ஹோமர் டில்பெக் என்று நானாக ஒரு பெயர் சூட்டியிருக்கிறேன். ரூமில் அவர் பெயர் கம்பவுண்டர். நாங்கள் முதலில் பார்த்த படத்தில் வெள்ளைக் கோட்டு போட்டு மருந்து எடுத்துக் கொடுத்தார்.

2

கதாநாயகன் ஜெபசீலன். திசையன்விளைக்காரன், ஏசி டெக்னீஷியன். (ரூமின் மூன்றாவது ஆள் வைரவனைக் கேட்டால், கதாநாயகன் தான்தான் என்பான். தேவகோட்டைக்காரன், டைல்ஸ் வேலை. கதையில் அவனுக்கு இரண்டு வசனம் தந்திருக்கிறேன், போதும்.)

வெள்ளிக்கிழமை லீவு. மதியம் ஒரு சேனலில் பழைய படம் ஓடும், கீழே அரபியில் எழுத்து ஓடும். கம்பவுண்டர் எத்தனையாவது நிமிஷத்தில் வருவார், எத்தனையாவது நிமிஷத்தில் போவார் என்று மூவரும் பந்தயம் கட்டுவோம். தோற்றவன் அடுத்த வெள்ளிக்கிழமை சமைக்க வேண்டும்.

“வந்துட்டாம்லா. கோட்டைப் பாரு, அதே கட்டம் போட்ட கோட்டு,” என்பான் ஜெபசீலன்.

அந்தக் கோட்டை மட்டும் பதினோரு படத்தில் பார்த்தோம். தந்தி ஆபீஸ் கிளார்க், ஓட்டல் சிப்பந்தி, ஜெயில் காவலர், உயில் வாசிக்கும் வக்கீல். எந்த வேஷமானாலும் நாற்பதாவது நிமிஷத்துக்குள் ஒரு கதவைத் திறந்துகொண்டு போய்விடுவார். சாக மாட்டார், சண்டை போட மாட்டார். போவார், அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவர் என்ன ஆனார் என்று படத்தில் ஒருவரும் கேட்பதில்லை.

3

[இந்த இடத்தில் கொஞ்சம் கட்டுரை வரும். பொறுத்துக்கொள்ளுங்கள்.]

நெட் கஃபேயில் இரண்டு பக்கம் பிரிண்ட் எடுத்துவந்து ரூமில் வாசித்துக் காட்டினேன். அந்தக் காலத்து நடிகர்களுக்கு ஒரு ஸ்டூடியோவோடு ஏழு வருஷம்வரை ஒப்பந்தம் இருக்குமாம். அந்த ஸ்டூடியோ அவர்களை வேறு ஸ்டூடியோவுக்கு இரவலாக அனுப்புமாம். போக மாட்டேன் என்றால் சம்பளம் கிடையாது. சும்மா இருந்த நாளையும் ஒப்பந்தத்தின் வாலில் கட்டிவிடுவார்கள். காலையில் ஒரு படத்தில் கிளார்க், மீசையை மாற்றினால் மத்தியானம் இன்னொன்றில் நீதிபதி. சின்ன வேஷக்காரர்கள் பலர் கோட்டைக்கூட வீட்டிலிருந்து கொண்டுவந்தார்களாம்.

ஜெபசீலன் எழுந்தே உட்கார்ந்துவிட்டான்.

“அப்பம் அங்கயும் கஃபீல் உண்டும். ரிலீஸும் கெடையாது.” (கஃபீல் என்றால் விசா கொடுத்த முதலாளி, அவர் விடுவித்தால்தான் வேறு வேலைக்குப் போகலாம், அதுதான் ரிலீஸ்.)

“விசா குத்தலை, அம்புட்டுத்தான்,” என்றான் வைரவன்.

அன்று சிரித்த சிரிப்பில் பக்கத்து ஃபிளாட் மலையாளிக் குடும்பம் சுவரைத் தட்டியது.

4

சிரிப்பு அடங்கிய பிறகு ஜெபசீலன் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். இதைச் சோடித்தால் கெட்டுப்போகும்.

“ஆறு வருசமாச்சுடே. பைப் போடுவேன், மெசினைத் தூக்கி மாட்டுவேன். ஆளுக வந்து உக்காந்து, காத்து நல்லா இருக்குன்னு சொல்றதுக்குள்ள வேற கம்பெனிக்கு அனுப்பிருவானுவ. ஒரு வேலையவும் கடைசிவரைக்கும் நின்னு பாத்ததில்ல. இந்த மனுசன் ஒரே ஒரு படத்துல கடைசி சீன் வரைக்கும் நின்னுட்டாம்னா போதும் எனக்கு.”

கதைக்கு இதுதான் உயிர். மற்றதெல்லாம் ஒப்பனை.

5

ஒரு வியாழக்கிழமை, மறுநாள் படத்துக்கான விளம்பரத்தில் கம்பவுண்டர் மூன்று தடவை வந்தார். மூன்று தடவையும் வேறு வேறு சட்டை. வேறு சட்டை என்றால் வேறு நாள், வேறு காட்சி. ஜெபசீலனுக்குத் தூக்கம் போய்விட்டது.

மறுநாள் படத்துக்கு ஒரு மணி நேரம் முன்பு ஃபோர்மேன் போன் செய்தார். கஃபீல் வீட்டு திவானியாவில், அதாவது விருந்தாளிகள் உட்காரும் கூடத்தில், ஏசி நின்றுவிட்டதாம். யல்லா, உடனே கிளம்பு.

‘ஜெபசீலன் கண்ணீரோடு டூல் பாக்ஸைத் தூக்கினா…’

இல்லை. திட்டிக்கொண்டேதான் தூக்கினான். என்ன திட்டினான் என்பதை அச்சில் போட முடியாது.

6

இப்போது கஃபீல் வருகிறார். அபு ஃபஹத், எழுபது வயது. முதல் பிரதியில் இவரைக் கடுகடுப்பானவராக எழுதியிருந்தேன். ஜெபசீலன் படித்துவிட்டு, “ஏம்டே, அந்த மனுசம்மேல பழி போடுத?” என்று சண்டைக்கு வந்தான். ரிலீஸ் கேட்டு இரண்டு வருஷம் நடந்தவனே அப்படிச் சொன்னால் நான் என்ன செய்வது? மாற்றிவிட்டேன்.

கூடத்தில் பெரியவர் தனியாக, வியர்த்து வழிய உட்கார்ந்திருந்தார். டிவியில் அதே சேனல், அதே படம். கம்பவுண்டர் அப்போதுதான் உள்ளே வந்தார்.

வெளி மெஷினில் கப்பாசிட்டர் போயிருந்தது. பத்து நிமிஷ வேலை. ஆனால் பிரேக்கரை இறக்க வேண்டும். பழைய வீட்டு வயரிங், இறக்கினால் டிவியும் அணையும். ஜெபசீலன் பிரேக்கர்மேல் கை வைத்தபடி நின்றான். டிவியில் நாற்பதாவது நிமிஷம் தாண்டியது. கம்பவுண்டர் கதவைத் திறந்தார். திறந்தவர் போகவில்லை, திரும்பவும் மூடிவிட்டு நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

“பாபா, லைட் பந்த் கரூங்?” கரண்டை நிறுத்தட்டுமா என்று கேட்டான்.

பெரியவர் டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “லா, லா. ஃபிலிம் கலாஸ், பாதேன் ஏசி,” என்றார், அதாவது படம் முடியட்டும், அப்புறம் ஏசி. பிறகு கம்பவுண்டரைக் காட்டி, “ஏ ஆத்மி ஹமேஷா ஜல்தி ஜாதா. ஆஜ் நஹி கயா,” என்றார்.

இந்த ஆள் எப்போதும் சீக்கிரம் போய்விடுவான், இன்று போகவில்லை. அபு ஃபஹத்தும் கவனித்திருக்கிறார்! ஜெபசீலன் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். பெரியவர் தண்ணீர் பாட்டிலை அவன் பக்கம் உருட்டினார். வெளியே நாற்பத்தெட்டு டிகிரி. ஏசி மெக்கானிக்கும் முதலாளியும் ரிப்பேரான ஏசிக்குக் கீழே நெய்யாக உருகிக்கொண்டு, கடைசி ரீலைப் பார்த்தார்கள்.

7

அதே நேரம் அப்பாசியாவில் நான் அடுப்படியில் நின்றேன். போன வாரம் பந்தயத்தில் தோற்றவன் நான். வைரவன் டிவி முன்னால் இருந்து, “இன்னும் போகலைப்பா, எழுவத்தெட்டாவது நிமிசம்,” என்று கத்தினான். ஜெபசீலன் ஒவ்வொரு ஐந்து நிமிஷத்துக்கும் மிஸ்டு கால் கொடுத்தான். இருக்கிறார் என்று அர்த்தம்.

சோறு பொங்கி வழிந்தது. நான் அடுப்பைக் குறைக்கத் திரும்பினேன். அப்போதுதான் ரூமிலிருந்து ஒரு பெருங்கூச்சல் வந்தது.

8

என்ன கூச்சல்? மூன்று முடிவுகள் எழுதிப் பார்த்தேன்.

ஒன்றில், கடைசி நிமிஷத்தில் கம்பவுண்டர் தொப்பியை எடுத்துக்கொண்டு போய்விடுகிறார். இன்னொன்றில், எல்லோரும் போன பிறகு அவர் மட்டும் நின்று விளக்கை அணைக்கிறார். மூன்றாவதில், பெரியவர் கூடம் குளிர்ந்த பிறகும் ஜெபசீலனை விடாமல் உட்காரவைத்து, தேநீர் கொடுத்து, “காத்து நல்லா இருக்கு,” என்கிறார். (அவர் தமிழில் எப்படிச் சொல்வார் என்று கேட்காதீர்கள், அது கற்பனை.)

எது நடந்தது என்று எனக்குத் தெரியும். எழுதத்தான் உட்கார்ந்தேன். ஆனால் நன்றாகக் கணக்குப் போட்டுப் பார்த்தால், இந்தக் கதையில் பிரிண்ட் எடுத்து வந்து, வாசித்துக் காட்டி, சோறு பொங்கியவன் நான். கதையில் என் இடம் என்னவென்று இவ்வளவு தூரம் எழுதிய பிறகுதான் புரிகிறது. நானும் ஒரு காட்சிக்கு வந்துபோகிறவன்தான், கோட்டும் என்னுடையதுதான்.

இதோ, படிக்கட்டில் டூல் பாக்ஸ் சத்தம் கேட்கிறது. இரண்டிரண்டு படியாக ஏறி வருகிறான். கதவைத் தட்டுகிறான். நீங்கள் போய்த் திறங்கள், முகத்தைப் பார்த்தாலே தெரிந்துவிடும். நான் அடுப்படிக்குப் போகிறேன், ரசத்துக்குப் புளி கரைக்க வேண்டும்.