உடைசல் மேட்டின் இழுப்பு

அக்கா கொடுத்த கோப்பையை அளவுக்காரி சுவரைப் பார்த்து வீசினாள். அது மூன்று துண்டாகி, சாவகாசமாகத் தரையில் வந்து இறங்கியது. உலகம் உடைந்ததில் மிஞ்சிய துண்டுகளில் ஒன்றான அந்தச் சில்லில் எதுவுமே அவசரப்பட்டு விழாது. தரையின் இழுப்பு அவ்வளவுதான். கோபத்தில் எதையாவது உடைத்தால், அது விழுந்து முடிவதற்குள் கோபத்தில் பாதி வருத்தமாக மாறிவிடும்.

ஒரு காலத்தில் உலகம் முழு உருண்டையாக இருந்ததாம். ஓர் அக்காவும் தங்கையும் ஒரே அடுப்புக்குச் சண்டை போட்டு, ஆளுக்கொரு பக்கம் பிடித்து இழுத்ததில் சில்லுசில்லாகப் போனது என்பது கதை. பெரிய கோள் ஒன்று பக்கத்தில் கடந்து போனபோது அதன் இழுப்பில் சிதறியது என்பது விஞ்ஞானம். எப்படியும் இழுத்ததுதான் தப்பு என்பதால், பள்ளிக்கூடத்தில் இரண்டையும் ஒரே பாடமாக நடத்திவிடுவார்கள்.

அளவுக்காரியின் அக்கா வாழ்க்கைப்பட்டுப் போனது எதிர்ச்சில்லுக்கு. நடுவில் ஒரு தொங்குபாலம். நினைத்த நேரத்தில் அக்கா ஏதாவது சமைத்து எடுத்துக்கொண்டு வாசலில் வந்து நிற்பாள். அந்தப் பாலத்தை நாளைக் காலையில் அவிழ்க்கப் போகிறார்கள். அதற்குக் காரணமும் வேறு எதுவும் இல்லை, அளவுக்காரி எடுத்துக் கொடுத்த அளவுதான்.

அளவு ஆபீஸின் உள்ளறையில் ஒரு தூக்குக்குண்டு தொங்கும். காற்று பட்டால் ஆடும் என்று அந்த அறைக்கு ஜன்னலே வைக்கவில்லை. எதிர்ச்சில்லு இழுப்பதால் குண்டின் நூல் அந்தப் பக்கமாக ஒரு மயிரிழை சாய்ந்திருக்கும். எதிர்ச்சில்லு விலகிப் போனால் சாய்வு குறையும். இரண்டு சில்லுக்கும் நடுவே எப்போதும் தூசி மிதப்பதால் கண்ணளவு எடுபடாது. பாலத்துக் கயிறோ ஈரத்துக்கு ஒரு நீளம், வெயிலுக்கு ஒரு நீளம். ஆகவே குண்டு சொன்னால் சொன்னதுதான். கொஞ்ச மாதமாகச் சாய்வு குறைந்துகொண்டே வந்தது. விலகுகிற சில்லைக் கட்டி வைத்திருந்தால், பாலம் என்றாவது ஒருநாள் கரையோர வீடுகளைப் பிய்த்துக்கொண்டு போய்விடும். முன்பு ஒரு தெருவே அப்படிப் போயிருக்கிறது.

அன்று காலையில்தான் பாலத்தடியில் அக்காவும் தங்கையும் சண்டை போட்டார்கள்.

"நீ இந்தப் பக்கம் வந்துடுக்கா. தனியா அங்க உனக்கு என்ன இருக்கு?"

"அவர் கட்டின வீடு இருக்கு. நீ வாயேன்டி. அந்த ஆபீஸ் இல்லாட்டி உனக்குச் சோறு இறங்காதா?"

"அப்ப நான் உனக்கு முக்கியமில்ல."

"பாலத்தை அவுக்கச் சொன்னவ நீ. என்னைக் கேக்கறியா?"

அந்த ஒரு வார்த்தைதான் கோப்பையை உடைத்தது.

உடைந்ததைக் குப்பையில் போடக்கூடாது என்பது ஊர் வழக்கம். உடைந்த உலகத்தில் உட்கார்ந்துகொண்டு ஒரு உடைந்த தட்டைத் தூக்கி எறிய யாருக்கு மனசு வரும்? எல்லா ஓட்டையும் உடைசலையும் ஊர்ப் பொதுவில் ஒரே மேடாகக் கொட்டி வைப்பார்கள். அளவுக்காரி மூன்று துண்டையும் பையில் போட்டுக்கொண்டு கடைத்தெருக் கோடிக்குப் போனாள். மேட்டைக் காணவில்லை. அங்கே புதுக் கடைகள் இருந்தன.

"அதை மாத்தி எவ்வளவோ நாளாச்சேம்மா," என்றார் பாத்திரக் கடைக்காரர். "உங்க ஆபீசுக்குப் பின்னாடிதானே கொட்டறாங்க. நீங்க பாக்கலையா?"

பார்க்கவில்லை. ஆபீசுக்கு முன்வாசல் மட்டும்தான். அளவு ஆபீஸ்காரர்கள் எதையும் உடைக்க மாட்டோம் என்று பெருமை பேசுகிறவர்கள், அதனால் மேட்டுக்குப் போகிற வேலையே அவர்களுக்கு வந்ததில்லை.

அவள் ஆபீசுக்குப் பின்னால் போய் நின்றாள். பானையும் ஆட்டுக்கல்லும் இரும்புச் சக்கரமுமாக மேடு கூரை மட்டத்துக்கு வளர்ந்து நின்றது. பாலம் இருப்பது கிழக்கே. மேடு இருந்தது மேற்கே, குண்டு தொங்கும் சுவரை ஒட்டி. இத்தனை சின்னச் சில்லில் இத்தனை பெரிய மேடு சும்மா இருக்குமா? குண்டைத் தன் பக்கம் இழுத்துச் சாய்வைக் குறைத்திருக்கிறது. அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு வந்தன.

தலைமை அளவரைக் கையோடு கூட்டிவந்து காட்டினாள். அவர் அண்ணாந்து பார்த்தார்.

"இது எப்போம்மா முளைச்சுது?"

"நம்ம சாய்வு குறைய ஆரம்பிச்சப்போ சார்."

மேட்டின் இழுப்பு எட்டாத இடத்தில் அளந்து பார்க்க இருவரும் பள்ளிக்கூடத்துக்குப் போனார்கள்; அது இருந்தது முன்பு அளவு ஆபீசாக இருந்த கட்டடத்தில்தான். குண்டு தொங்கிய ஆணியும், தரையில் பழைய சாய்வைக் குறித்த கோடும் அப்படியே இருந்தன. பிள்ளைகளை வெளியே அனுப்பிவிட்டுக் குண்டைத் தொங்கவிட்டார்கள். அது ஆடி ஆடி ஓய்கிற வரைக்கும் இருவரும் காத்திருந்தார்கள். குண்டின் நுனி பழைய கோட்டின் மேலேயே வந்து நின்றது. தலைமை அளவர் குட்டிப் பெஞ்சு ஒன்றில் மெல்ல இறங்கி உட்கார்ந்தார்.

"விலகவே இல்லம்மா. நாம பாட்டுக்கு அவுத்து விட்டிருப்போம்."

"மேட்டை இடம் மாத்தணும் சார்."

"முதல்ல போய் உங்க அக்காகிட்ட சொல்லு. மத்ததை நான் பாத்துக்கறேன்."

அவள் பாலத்துக்கு ஓடினாள். ஏறுவதற்குள் எதிரே தூசிக்குள்ளிருந்து அக்கா வந்தாள், தலையில் ஒரு பெட்டி, இடுப்பில் ஒரு மூட்டை.

"ஒண்ணும் பேசாத. வந்துட்டேன். வீட்டுச் சாவியைப் பக்கத்து வீட்டுல குடுத்துட்டேன். கோழியையும் குடுத்துட்டேன்."

"அக்கா, பாலத்தை அவுக்கல."

நடந்ததை எல்லாம் அளவுக்காரி சொல்லி முடித்தாள். அக்கா பெட்டியை இறக்கி அதன் மேலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"கோழியைக் குடுத்துட்டேனேடி," என்றாள்.

"நாளைக்குப் போய் வாங்கிக்கோ. இன்னைக்கு எங்கூட இரு."

"சரி. நான் குடுத்த கோப்பையில கொஞ்சம் தண்ணி கொண்டா, தொண்டை வறண்டு கிடக்கு."

அளவுக்காரி தலையைக் குனிந்துகொண்டு பையிலிருந்து மூன்று துண்டையும் எடுத்துக் காட்டினாள். மேட்டில் போடவே மறந்திருந்தாள்.

"சுவத்துல எறிஞ்சேன்க்கா."

அக்கா துண்டுகளை ஒன்றோடொன்று பொருத்திப் பார்த்தாள். கோபப்படவில்லை. மூட்டையை அவிழ்த்து, துணிக்குள் சுற்றி வைத்திருந்த தங்கையின் புகைப்படத்தை எடுத்து நீட்டினாள். சட்டத்துக்குள் படம் மட்டும்தான் இருந்தது.

"நானும் எறிஞ்சேன். கண்ணாடி மட்டும்தான் போச்சு. நீ நல்லாத்தான் இருக்க."